அன்டோனியோ இனோகி: நிஜமா, நடிப்பா? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ரெஸ்லிங் பேச்சை எடுத்தாலே நம் ஆட்களுக்கு ஹல்க் ஹோகன், அண்டர்டேக்கர், ராக் என்று அமெரிக்கப் பெயர்கள்தான் வாயில் வரும். டிரம்ப் கார்டு விளையாடி வளர்ந்தவர்களுக்கு அவர்களுடைய உயரம், எடை, மார்பளவுகூட மனப்பாடம். ஜப்பான் பக்கம் திரும்பினால் பெரும்பாலும் ஒரே ஒரு கேள்விதான்: "முகமது அலியோட சண்டை போட்டாரே, அவர் யாரு?" அவர் அன்டோனியோ இனோகி. அவரைப் பற்றி என்னிடம் திரும்பத் திரும்பக் கேட்கப்படும் கேள்விகளையும் என் பதில்களையும் இங்கே ஒரே இடத்தில் போட்டு வைக்கிறேன்.

சுருக்கமாகச் சொல்லுங்கள், யார் இவர்?

ஜப்பானிய புரோ ரெஸ்லர். நியூ ஜப்பான் புரோ ரெஸ்லிங் நிறுவனத்தைத் தொடங்கியவர். இரண்டு முறை ஜப்பான் நாடாளுமன்ற மேலவை உறுப்பினர். பிறந்தது 1943 பிப்ரவரி 20, யோகோஹாமாவில். இறந்தது 2022 அக்டோபர் 1. ரிங்கில் இறங்கியது 1960இல், ஓய்வு பெற்றது 1998இல். நீளமான தாடை, கழுத்தில் சிவப்புத் துண்டு. இந்த இரண்டையும் வரைந்தால் போதும், ஜப்பானில் சின்னக் குழந்தைகூட யாரென்று சொல்லிவிடும்.

பெயர் அன்டோனியோ என்றிருக்கிறதே, பிரேசில்காரரா?

இல்லை, ஆனால் பிரேசிலுக்கும் அவருக்கும் சம்பந்தம் உண்டு. இயற்பெயர் இனோகி கான்ஜி. ஐந்து வயதில் அப்பாவை இழந்தார். போருக்குப் பிந்தைய ஜப்பானில் பிழைப்பு தேடிப் பல குடும்பங்கள் தென் அமெரிக்காவுக்குக் கப்பல் ஏறின. 1957இல் இனோகி குடும்பமும் ஏறியது. அப்போது அவருக்கு 14 வயது. கூடவே வந்த தாத்தா வழியிலேயே இறந்துபோனார். சாவோ பாலோ மாநிலத்தில் காப்பித் தோட்ட வேலை. பையன் வளர்த்தியானவன், கையில் பலம் இருந்தது. குண்டு எறிதல், வட்டு எறிதல் போட்டிகளில் பெயர் வாங்கினான்.

1960இல் பிரேசிலுக்குச் சுற்றுப்பயணம் வந்த ரிக்கிதோசான் கண்ணில் பட்டார். அவர்தான் அன்றைய ஜப்பானின் மிகப் பெரிய ரெஸ்லர். பார்த்த கையோடு ஜப்பானுக்குக் கூட்டிக்கொண்டு போய்விட்டார்.

அன்டோனியோ என்பது பின்னால் ஒட்டிக்கொண்ட ரிங் பெயர். அன்டோனினோ ரோக்கா என்ற புகழ்பெற்ற ரெஸ்லரின் பெயரை ஒட்டி வைத்தது என்பார்கள்.

ரிக்கிதோசான் அவ்வளவு பெரிய ஆளா?

ஜப்பானில் புரோ ரெஸ்லிங்கை வேரூன்ற வைத்தவரே அவர்தான். முன்னாள் சூமோ வீரர். இன்றைய வட கொரியாவில் இருக்கும் ஊரில் பிறந்த கொரியர். அந்த விஷயத்தை ஜப்பானிய ரசிகர்களிடமிருந்து கடைசிவரை மறைத்தே வைத்திருந்தார்கள். போரில் தோற்ற நாட்டின் மக்கள் தெருவோர டிவி முன்னால் கூட்டமாக நின்று, அவர் அமெரிக்கர்களைக் கராத்தே வெட்டு வெட்டிச் சாய்ப்பதைப் பார்த்துக் கைதட்டினார்கள். 1963 டிசம்பரில் டோக்கியோவின் ஒரு இரவு விடுதியில் கத்திக்குத்து பட்டு, ஒரு வாரத்தில் இறந்தார்.

இனோகி அவருக்குக் கிட்டத்தட்ட எடுபிடி. குளிக்கும்போது முதுகு தேய்ப்பதிலிருந்து பெட்டி தூக்குவது வரை எல்லாம் அவர் வேலை. அடியும் தாராளமாக விழுந்தது என்று இனோகியே பின்னாளில் சொல்லியிருக்கிறார்.

ஜயன்ட் பாபாவுக்கும் இவருக்கும் என்ன பகை?

இருவரும் ரெஸ்லராக ரிங்கில் அறிமுகமானது ஒரே நாள், ஒரே ஊர்: 1960 செப்டம்பர் 30, டோக்கியோ. பாபா 209 சென்டிமீட்டர் உயரம், யோமியுரி ஜயன்ட்ஸ் அணியில் பேஸ்பால் பந்து வீசியவர். அவர் அன்று ஜெயித்தார். இனோகி, கின்தாரோ ஓகி என்ற சீனியரிடம் தோற்றார். பாபாவை நட்சத்திரமாக நடத்தினார்கள். இனோகி எடுபிடியாகவே இருந்தார். பதினேழு வயதில் மனதில் பட்ட காயம் ஆறுமா?

ரிக்கிதோசான் போன பிறகு இருவரும் ஜோடியாகவும் ஆடினார்கள். பெயரின் முதல் எழுத்துகளை வைத்து 'பி-ஐ பீரங்கி' என்று பெயர். டேக் டீம் பட்டத்தை நான்கு முறை வென்றார்கள். நடுவில் 1966இல் இனோகி பிரிந்து போய் டோக்கியோ புரோ ரெஸ்லிங் என்று ஒன்றை ஆரம்பிக்க உதவினார். சில மாதங்களில் அது கவிழ்ந்தது, திரும்பி வந்தார். 1971 கடைசியில், நிர்வாகத்தைக் கைப்பற்றச் சதி செய்தார் என்று சொல்லி அவரை வெளியே தள்ளினார்கள். வெளியேற்றியது ரிக்கிதோசான் உருவாக்கிய அதே சங்கம். அடுத்த வருடம் பாபாவும் வெளியே வந்து ஆல் ஜப்பான் தொடங்கினார். 1973இல் பழைய சங்கமே மூடப்பட்டது.

அதன்பின் இருபத்தைந்து வருடம் இருவரும் எதிரெதிர் கடை. "பாபா, வா, மோதிப் பார்க்கலாம்" என்று இனோகி சவால் விட்டுக்கொண்டே இருந்தார். பாபா கண்டுகொள்ளவே இல்லை. நியூ ஜப்பான், ஆல் ஜப்பான் என்று தனித்தனியாக நின்ற பிறகு அந்த மேட்ச் நடக்கவே இல்லை.

நியூ ஜப்பானின் முதல் நிகழ்ச்சியிலேயே தோற்றாராமே?

ஆமாம். 1972 மார்ச் 6, டோக்கியோ ஓட்டா வார்டு ஜிம்னேசியம். சொந்த கம்பெனி, சொந்தச் செலவு, டிவி ஒளிபரப்புகூடக் கிடையாது. எதிரே கார்ல் காட்ச். பிடிகளிலும் பூட்டுகளிலும் கரைகண்ட மனிதர், இனோகிக்கே குரு மாதிரி. முதலாளி தன் திறப்பு விழாவிலேயே குருவிடம் தோற்றார்.

எனக்கு இனோகியைப் பிடித்துப்போனது இந்த இடத்தில்தான். அவர் வாழ்க்கையில் ஜனங்கள் இன்றும் பேசும் மேட்சுகளைப் பட்டியல் போட்டுப் பாருங்கள். அறிமுகம் தோல்வி, திறப்பு விழா தோல்வி, அலி டிரா, பாகிஸ்தானின் ஜாராவோடு டிரா, ஹோகனிடம் தோல்வி. ஜெயித்த நூற்றுக்கணக்கான மேட்சுகள் யாருக்கும் ஞாபகம் இல்லை.

சரி, நேராகக் கேட்கிறேன். இதெல்லாம் நடிப்புதானே?

புரோ ரெஸ்லிங்கில் யார் ஜெயிப்பது என்பது முன்பே முடிவாகியிருக்கும். ஜப்பானிலும் அப்படித்தான். நியூ ஜப்பானில் நடுவராக இருந்த ஒருவரே 2001இல் இதைப் புத்தகமாக எழுதிப் போட்டு உடைத்தார். விழுவது, மோதுவது, ரத்தம், முழங்கால் தேய்வது எல்லாம் நிஜம்; முடிவு மட்டும் பேசி வைத்தது.

ஆனால் இனோகி விஷயத்தில் இந்தப் பதிலோடு முடித்துவிட முடியாது. "புரோ ரெஸ்லிங்தான் எல்லாச் சண்டைக் கலைகளிலும் வலிமையானது" என்று ஊரைக் கூட்டிச் சொன்னவர் அவர். சொன்னதோடு நிற்காமல் ஜூடோ, பாக்சிங், கராத்தே ஆட்களையும் ரிங்குக்குக் கூப்பிட்டார். 1976 பிப்ரவரியில் வில்லெம் ருஸ்காவோடு மோதினார். அவர் 1972 மியூனிக் ஒலிம்பிக்கில் ஜூடோவில் இரண்டு தங்கம் வாங்கிய டச்சுக்காரர். இந்த மேட்சுகளில் பெரும்பாலானவை பேசி வைத்தவை. ஒன்றிரண்டு பேசி வைக்காதவை. இன்னும் ஒன்றிரண்டு பேசி வைத்தபடி நடக்காதவை. எது எந்த வகை என்று ரசிகனால் கண்டுபிடிக்க முடியாது. அந்தச் சந்தேகத்தைத்தான் அவர் நாற்பது வருடம் விற்றார்.

ஓங்கி விழும் உதை, இறுக்கிப் போடும் பூட்டு, குறைவான கோமாளித்தனம் என்ற அந்தப் பாணிக்கு 'ஸ்ட்ராங் ஸ்டைல்' என்று பெயர். அதன் தாரக மந்திரம் 'டோகோன்', அதாவது போராட்ட உணர்வு. ரிக்கிதோசானிடமிருந்து வாங்கிக்கொண்ட சொல்.

அவருடைய ஸ்பெஷல் அடிகள் என்னென்ன?

என்சுய்கிரி: எகிறிக் குதித்து எதிராளியின் பிடரியில் காலால் ஒரு போடு. இதைக் கண்டுபிடித்தவர் என்று அவரைத்தான் சொல்வார்கள். இன்று உலகம் முழுக்க எல்லா ரெஸ்லர்களும் அடிக்கிறார்கள்.

அடுத்தது மான்ஜி-கதமே, மற்ற நாடுகளில் ஆக்டோபஸ் பிடி என்பார்கள். ஒரு காலை எதிராளியின் காலில் பின்னிக்கொண்டு, மறு காலைக் கழுத்துக்கு மேல் போட்டு, அவன் கையைப் பின்னால் இழுத்துக்கொண்டு மேலே தொற்றி நிற்பது. தூரத்திலிருந்து பார்த்தால் ஸ்வஸ்திகா வடிவம் தெரியும், பெயரும் அதனால்தான். எதிராளி தான் விழாமல் நின்று இனோகியின் எடையையும் சேர்த்துச் சுமக்க வேண்டும் என்பது இதில் வேடிக்கை.

டைகர் ஜீத் சிங் என்று ஒரு இந்தியர் இவரைத் தெருவில் அடித்தாராமே?

பஞ்சாபில் பிறந்து கனடாவில் குடியேறியவர். தலைப்பாகை கட்டி, வாளைக் கையிலும் வாயிலும் பிடித்துக்கொண்டு வருவார். ஜப்பானில் எழுபதுகளின் மிகப் பெரிய வில்லன். இந்தியாவில் இவரை அறிந்தவர்களைவிட ஜப்பானில் இவரைக் கண்டு பயந்தவர்கள் அதிகம்.

1973 நவம்பரில் இனோகியும் அவர் மனைவியும் டோக்கியோ ஷின்ஜுகுவில் கடைக்குப் போயிருந்தார்கள். மனைவி மிட்சுகோ பைஷோ, பிரபல நடிகை. இசெட்டான் என்ற பெரிய கடைக்கு வெளியே சிங் வேறு சில ரெஸ்லர்களோடு வந்து இனோகியை நடுரோட்டில் வைத்து அடித்தார். ரத்தம், கூட்டம், போலீஸ். அடுத்த நாள் செய்தி. ஏற்பாடு செய்ததா இல்லையா என்று இன்னும் வாதம் நடக்கிறது. ஏற்பாடு என்றால், போலீஸையும் சேர்த்து ஏமாற்றியிருக்கிறார்கள்.

இந்தப் பகையை ஊதி ஊதி வளர்த்து, 1974 ஜூன் 26இல் ஒசாகாவில் சிங்கின் கையை இனோகி 'உடைத்தார்'. தேதியை நினைவில் வையுங்கள். சரியாக இரண்டு வருடம் கழித்து அதே ஜூன் 26இல்தான் அலி வந்தார்.

அலி மேட்சில் உண்மையில் என்ன நடந்தது?

1976 ஜூன் 26, டோக்கியோ நிப்பான் புடோகான். 15 சுற்று, சுற்றுக்கு மூன்று நிமிடம். அலி அப்போது பாக்சிங் உலக ஹெவிவெயிட் சாம்பியன். "என்னோடு மோத ஆசியாவில் ஆள் உண்டா?" என்கிற மாதிரி ஒரு ஜப்பானிய அதிகாரியிடம் போகிற போக்கில் அலி சொல்லிவைத்தார். வாயைக் கொடுத்து மாட்டிக்கொண்டார். இனோகி விடாப்பிடியாகத் துரத்தினார். அலிக்குப் பேசிய தொகை 61 லட்சம் டாலர்.

காட்சி மேட்ச் என்று நினைத்துத்தான் அலி தரப்பு வந்தது, ஜப்பான் வந்து இனோகியின் பயிற்சியைப் பார்த்த பிறகுதான் விஷயம் வேறு என்று புரிந்தது என்பது பரவலாகச் சொல்லப்படும் கதை. அதன்பின் விதிமுறைகளை இறுக்கினார்கள். தூக்கி எறியக் கூடாது, ஒரு முழங்கால் தரையில் இருந்தால் தவிர உதைக்கக் கூடாது என்ற அளவுக்குப் போனதாகச் சொல்வார்கள். இந்த விதிகள் பார்வையாளர்களுக்குச் சரியாக விளக்கப்படவில்லை. வினை அங்கேதான்.

மணி அடித்தது. இனோகி ஓடிவந்து, சறுக்கி, மல்லாக்க விழுந்து அலியின் காலை நோக்கி உதைத்தார். எழவில்லை. அடுத்த முக்கால் மணி நேரம் பெரும்பாலும் இதே காட்சிதான்: தரையில் படுத்திருக்கும் ஒருவர் நண்டு மாதிரி நகர்ந்து நகர்ந்து உதைக்கிறார், நின்றுகொண்டிருக்கும் உலக சாம்பியன் "எழுந்து வா" என்று கத்திக்கொண்டு வட்டம் அடிக்கிறார். இனோகியின் ஷூ லேஸ் காலைக் கிழிக்கிறது என்று அலியின் பயிற்சியாளர் ஏஞ்சலோ டண்டி முறையிட, ஷூவுக்கு டேப் ஒட்டினார்கள். ஆறாவது சுற்றில் ஒருமுறை அலியைக் கீழே தள்ளி மேலே ஏறிய இனோகி முழங்கையால் ஒன்று வைத்தார். தவறு என்று நடுவர் ஜீன் லெபெல் பிரித்துவிட்டார். 15 சுற்றிலும் சேர்த்து அலி வீசிய குத்துகளை விரல் விட்டு எண்ணிவிடலாம்.

முடிவு: டிரா. அரங்கில் குப்பை பறந்தது. மறுநாள் பத்திரிகைகள் 'நூற்றாண்டின் கேலிக்கூத்து' என்ற ரீதியில் கிழித்தன. இனோகியின் கம்பெனி பெரும் கடனில் மூழ்கியது. அலியின் தொடை வீங்கிக் கருத்துப்போய், காலில் ரத்தம் கட்டி மருத்துவமனையில் சேர வேண்டியதாயிற்று.

என் கருத்தைக் கேட்டால், அந்த மேட்ச் சலிப்பாக இருப்பதே அது நிஜம் என்பதற்கு நல்ல சாட்சி. நடிப்பு என்றால் இவ்வளவு மோசமாகவா கதை எழுதுவார்கள்? பேசி வைத்த மேட்சை அரங்கம் அதிரும்படி நடத்தத் தெரிந்த மனிதர், நிஜச் சண்டையில் இறங்கினால் அது எப்படி இருக்கும் என்று ஊருக்கு ஒருமுறை காட்டிவிட்டார். எம்எம்ஏ என்ற கலப்புச் சண்டை வளர்ந்த பிறகு, படுத்துக்கொண்டு காலை உதைப்பது புத்திசாலித்தனமான உத்திதான் என்று ஆட்கள் ஒப்புக்கொண்டார்கள். கொஞ்சம் தாமதம், அவ்வளவுதான்.

அலியும் இனோகியும் பிறகு நண்பர்களானார்கள். இனோகி ரிங்குக்கு வரும்போது ஒலிக்கும் 'இனோகி பொம்பாயே' இசையே அலிக்காகப் போட்ட பாட்டிலிருந்து வந்தது.

பாகிஸ்தானில் இவரை 'இனோகி பயில்வான்' என்கிறார்களே, ஏன்?

கராச்சி, 1976 டிசம்பர். அலியோடு சமன் செய்தவர் என்ற பெயர் அங்கே பெரிய பெயர். அழைத்தது அக்ரம் பயில்வான் தரப்பு. சாதாரணக் குடும்பம் இல்லை அது. தோல்வியே காணாதவர் என்று துணைக்கண்டம் முழுக்கப் பெயர் பெற்ற காமா பயில்வானின் குடும்பம். காமாவின் தம்பி இமாம் பக்‌ஷின் மகன்தான் அக்ரம்.

இனோகி தரப்பு வழக்கமான புரோ ரெஸ்லிங் என்று நினைத்துப் போனது, அங்கே போன பிறகுதான் நிஜ மல்யுத்தம் என்று தெரிந்தது என்பது ஜப்பானில் சொல்லப்படும் கதை. அக்ரம் வயதில் மூத்தவர், மூச்சு சீக்கிரம் வாங்கியது. மூன்றாவது சுற்றில் இனோகி கையைப் பூட்டுப் போட்டு முறுக்கினார். தோல்வியை ஒப்புக்கொண்டு அக்ரம் தட்டவில்லை. மானம் தட்டவிடவில்லை. கை போனது. ஸ்டேடியத்தில் கூடியிருந்த கூட்டம் உறைந்துபோனது.

இரண்டரை வருடம் கழித்து, 1979 ஜூனில் லாகூரில் மறுபடி வந்தார். இந்தத் தடவை எதிரே அக்ரமின் அண்ணன் மகன் ஜாரா, இருபது வயதுகூட நிரம்பவில்லை. பெரியப்பா, சித்தப்பாக்கள் எல்லாம் ரிங் ஓரத்தில். ஐந்து சுற்று. ஜாரா இனோகியைத் தூக்கித் தூக்கிப் போட்டான். இனோகி விழுந்து விழுந்து எழுந்தார். ஐந்தாவது சுற்று முடிந்து மணி அடித்தது. அறிவிப்புக்குக் காத்திருக்காமல் இனோகி நடந்து போய், அந்தப் பையனின் கையைப் பிடித்து உயர்த்தினார்.

ஜப்பான் கணக்கில் அது டிரா. பாகிஸ்தானில் யாரைக் கேட்டாலும் ஜாரா ஜெயித்தான் என்பார்கள். அக்ரமின் கையை முறித்தவரை அந்த ஊர் பயில்வான் என்று கொண்டாடுவதற்கு அந்த ஒரு கை உயர்த்தல் காரணம். ஜாரா 1991இல், முப்பது வயதிலேயே இறந்துபோனான். 2014 வாக்கில் ஜாராவின் சொந்தத்தில் ஒரு பையனை இனோகி ஜப்பானுக்கு அழைத்துப் பயிற்சிக்கு ஏற்பாடு செய்தார்.

டபிள்யூடபிள்யூஎஃப் சாம்பியனாக இருந்தாரா?

1979 நவம்பர் 30இல் டோக்குஷிமாவில் அந்த அமெரிக்கக் கம்பெனியின் (இன்றைய டபிள்யூடபிள்யூஇ) சாம்பியன் பாப் பேக்லண்டைத் தோற்கடித்து பெல்ட்டை வாங்கினார். ஒரு வாரத்துக்குள் நடந்த மறு மேட்சில் டைகர் ஜீத் சிங் குறுக்கே புகுந்து குழப்ப, பெல்ட் கைமாறிய கதையே சிக்கலாகிவிட்டது. அமெரிக்கக் கம்பெனி தன் சாம்பியன் வரிசையில் அவரைச் சேர்க்கவே இல்லை. 2010இல் ஹால் ஆஃப் ஃபேமில் மட்டும் சேர்த்துக்கொண்டார்கள்.

ஹல்க் ஹோகன் இவரை மயக்கம் போட வைத்தது நிஜமா?

இதுதான் எனக்கு மிகப் பிடித்த புதிர். 1983 ஜூன் 2, டோக்கியோ குராமாயே அரங்கம். 'ஐடபிள்யூஜிபி' என்று உலகச் சாம்பியனைத் தேர்ந்தெடுக்க இனோகியே பல வருடம் கனவு கண்டு உருவாக்கிய போட்டி. இறுதி ஆட்டம். வீட்டில் டிவி பார்க்கும் பாட்டிக்குக்கூட இனோகிதான் ஜெயிப்பார் என்று தெரியும்.

ரிங்கின் விளிம்பில் நின்றிருந்த இனோகியை ஹோகன் ஓடிவந்து கையால் ஒரு வெட்டு வெட்டினார். இனோகி கீழே விழுந்தார். மேலே தூக்கிப் போட்டார்கள். அசையவில்லை. நாக்கு வெளியே தொங்கியது. ஹோகன் ஜெயித்ததாக அறிவித்தபோது அவர் முகத்தைப் பாருங்கள். ஜெயித்தவன் முகம் இல்லை அது, யாரையோ கொன்றுவிட்டோமோ என்று விழிக்கிறவன் முகம். இனோகியை மருத்துவமனைக்குக் கொண்டுபோனார்கள்.

பேசி வைத்த முடிவு இது இல்லை என்பதில் பலருக்கும் ஒருமித்த கருத்து. நிஜமாகவே அடிபட்டதா, அல்லது சொந்தக் கம்பெனிக்காரர்களுக்கே சொல்லாமல் இனோகி தனியாக ஒரு நாடகம் போட்டாரா? கம்பெனியில் அவருக்கு அடுத்த இடத்தில் இருந்த சகாகுச்சி, "மனிதர்கள் மேலேயே நம்பிக்கை போச்சு" என்கிற பொருளில் மேஜையில் எழுதி வைத்துவிட்டுச் சில நாள் காணாமல் போனார் என்று ஒரு கதை உண்டு. நான் இரண்டாவது கட்சி.

கம்பெனிப் பணத்தைக் கரைத்தார் என்கிறார்களே?

கரைத்தார். பிரேசில் ஆசை விடவில்லை. கரும்புச் சக்கையைப் பதப்படுத்தி மாட்டுத் தீவனமாக்கும் தொழில் ஒன்றை 'அன்டன் ஹைசெல்' என்ற பெயரில் அங்கே தொடங்கினார். யோசனை காலத்துக்கு முந்தியது, கணக்கு வழக்கு காலத்துக்கும் ஒத்துவராதது. ரெஸ்லிங்கில் வந்த பணம் அந்தச் சக்கையில் போனது. 1983 ஆகஸ்டில் உள்ளுக்குள் கலகம் வெடித்து, அவரைத் தலைவர் நாற்காலியிலிருந்து இறக்கினார்கள். சில மாதத்தில் திரும்ப ஏறிவிட்டார், ஆனால் அந்தக் குழப்பத்தில் டைகர் மாஸ்க் என்ற முகமூடி வேடத்தில் முதலில் ஆடிய சாயாமா உட்பட நல்ல ஆட்கள் போய்விட்டார்கள்.

ஆளே இல்லாத தீவில் மேட்ச் ஆடினாராமே?

கான்ரியுஜிமா. மியாமோட்டோ முசாஷி என்ற வாள் வீரன் சசாகி கோஜிரோவோடு மோதிய குட்டித் தீவு. அங்கே 1987 அக்டோபர் 4இல் ரிங் கட்டி, டிக்கெட் விற்காமல், மாசா சைட்டோவோடு இரண்டு மணி நேரத்துக்கும் மேல் மோதினார். இருட்டிய பிறகு தீப்பந்தம் வைத்தார்கள். கிறுக்குத்தனம்தான், ஆனால் வேறு யாருக்கும் தோன்றாத கிறுக்குத்தனம்.

அரசியலில் என்ன செய்தார்?

1989இல் 'விளையாட்டு அமைதிக் கட்சி' என்று தொடங்கி மேலவைக்குப் போனார். தேர்தல் கோஷம் என்ன தெரியுமா? நாடாளுமன்றத்துக்கு ஆக்டோபஸ் பிடி, நுகர்வு வரிக்குப் பிடரியில் உதை! அந்த வருடம்தான் அங்கே நுகர்வு வரி புதிதாக வந்து ஜனங்கள் கடுப்பில் இருந்தார்கள். அதே வருடம் அக்டோபரில் ஒரு கூட்டத்தில் பேசிக்கொண்டிருந்தபோது ஒருவன் கத்தியால் வெட்டினான்; தப்பித்தார்.

1995இல் தோற்றார். 2013இல் மறுபடி ஜெயித்து, சிவப்புத் துண்டோடு வந்தார். பட்ஜெட் குழுவில் எழுந்ததும் "கென்கி தெஸ் கா!" என்று முழங்கினார். "நல்லா இருக்கீங்களா?" என்று அர்த்தம், அவருடைய ரிங் முழக்கம். சத்தத்தைக் குறைக்கும்படி தலைவர் கேட்டுக்கொண்டார். இன்னொரு முறை பறக்கும் தட்டு வந்தால் ராணுவம் என்ன செய்யும் என்று பாதுகாப்பு அமைச்சரிடம் கேட்டார். 2019இல் விலகினார்.

இராக்கில் பிணைக்கைதிகளை மீட்டது இவரா?

பெரும் பங்கு உண்டு. 1990இல் சதாம் உசேன் குவைத்தைப் பிடித்த பிறகு வெளிநாட்டினர் பலரை இராக்கில் தடுத்து வைத்திருந்தார். ஜப்பான் அரசு கையைப் பிசைந்தது. இனோகி நேராக பாக்தாத் போய்ப் பேசினார். டிசம்பர் தொடக்கத்தில், தடுத்து வைக்கப்பட்ட ஜப்பானியர்களின் குடும்பத்தாரையும் ரெஸ்லர்களையும் விமானத்தில் கூட்டிக்கொண்டு போய் பாக்தாத்தில் விளையாட்டு, இசை விழாவே நடத்தினார். ஜப்பானியர்கள் விடுதலையானார்கள். அதே நாட்களில் எல்லா நாட்டவரையும் விடுவிப்பதாக இராக் அறிவித்தது, அதனால் அவர் போகாவிட்டாலும் விட்டிருப்பார்கள் என்று சொல்பவர்கள் உண்டு. அந்தக் குடும்பங்கள் அப்படிச் சொல்லவில்லை.

அந்தப் பயணங்களின்போது கர்பலாவில் இஸ்லாத்தைத் தழுவி முகமது ஹுசைன் என்று பெயர் வைத்துக்கொண்டார். பௌத்தத்தையும் விடவில்லை.

வட கொரியாவில் ஏன் மேட்ச் வைத்தார்?

குரு ரிக்கிதோசான் பிறந்த மண் என்பதுதான் அவர் சொன்ன காரணம். 1995 ஏப்ரல் 28, 29 தேதிகளில் பியோங்யாங் மே தின ஸ்டேடியத்தில். ஒவ்வொரு நாளும் ஒன்றரை லட்சத்துக்கு மேல் கூட்டம் என்று அறிவித்தார்கள். அவ்வளவு பேரும் விருப்பப்பட்டு வந்தவர்களா என்பது அந்த நாட்டை அறிந்தவர்களுக்குத் தெரியும். இரண்டாம் நாள் இனோகி அமெரிக்க ரெஸ்லர் ரிக் ஃப்ளேரை பிடரி உதையால் வென்றார். முகமது அலி விருந்தினராக உட்கார்ந்திருந்தார். பின்னாளில் நாடாளுமன்ற அனுமதி வாங்காமல் வட கொரியா போனதற்காக 2013இல் 30 நாள் இடைநீக்கமும் வாங்கினார்.

ஜனங்கள் வரிசையில் நின்று இவரிடம் அறை வாங்கினார்களே, என்ன அது?

1990இல் ஒரு பயிற்சி வகுப்பில் பேசப் போனார். ஒரு மாணவன் திடீரென்று அவர் வயிற்றில் குத்திவிட்டான். அனிச்சையாக இவர் கன்னத்தில் ஒன்று விட்டார். பையன் கோபப்படாமல் நன்றி சொன்னான். அதிலிருந்து, இனோகியிடம் அறை வாங்கினால் போராட்ட உணர்வு உடம்பில் ஏறும், பரீட்சையில் பாஸாகலாம் என்று பரவி, கோயிலில் விபூதி வாங்குவது போல வரிசை கட்டினார்கள். அறை நிஜம். பேசி வைத்ததே இல்லை.

கடைசி மேட்ச் எப்போது?

1998 ஏப்ரல் 4, டோக்கியோ டோம், டான் ஃப்ரையுடன். நான்கு நிமிடச் சொச்சத்தில் வென்றார். 70,000 பேர். பார்க்கின்சன் நோயோடு இருந்த அலியும் வந்திருந்தார். முடிவில் ஒரு கவிதை வாசித்தார், அப்புறம் "ஒன்று, இரண்டு, மூன்று, தா!" என்று கூட்டத்தோடு சேர்ந்து கையை உயர்த்தினார்.

இரண்டாயிரங்களில் நியூ ஜப்பானைக் கெடுத்தவர் என்று திட்டுகிறார்களே?

அதிலும் நியாயம் இருக்கிறது. 'ரெஸ்லிங்தான் வலிமையானது' என்ற தன் பழைய வசனத்தை அவரே நம்ப ஆரம்பித்துவிட்டார். நிஜச் சண்டைப் போட்டிகள் ஜப்பானில் கொடிகட்டிப் பறந்த நேரம். தன் ரெஸ்லர்களைப் பிடித்து அதில் தள்ளினார். யுஜி நகாட்டா பாவம்: 2001 டிசம்பர் 31இல் மிர்கோ குரோகாப் எதிரே 21 விநாடி, இரண்டு வருடம் கழித்து அதே புத்தாண்டு இரவில் ஃபெடோர் எதிரே ஒரு நிமிடச் சொச்சம். தனக்கு 1976இல் படுத்துக்கொள்ளத் தோன்றியது. நகாட்டாவுக்கு அதற்குக்கூட நேரம் கொடுக்கவில்லை. கூட்டம் குறைந்தது. 2005இல் தன் பங்கை ஒரு வீடியோ கேம் கம்பெனிக்கு விற்றுவிட்டுப் போனார். தானாஹாஷி போன்ற அடுத்த தலைமுறை ரெஸ்லர்கள் அந்தக் கம்பெனியைத் தூக்கி நிறுத்தப் பல வருடம் ஆனது.

எப்படி இறந்தார்?

அமைலாய்டோசிஸ் என்ற அரிய நோய், அதனால் இதயம் பழுதானது. மருத்துவமனைப் படுக்கையிலிருந்து வீடியோ போட்டுக்கொண்டிருந்தார். உடம்பு பாதியாக இளைத்து, குரல் உள்ளே போய், தாடை மட்டும் அப்படியே இருந்தது. இந்த நிலையை ஏன் காட்ட வேண்டும் என்று வருத்தப்பட்டவர்கள் உண்டு. 79 வயது.

முதல் தடவை பார்ப்பவர் எந்த மேட்சிலிருந்து தொடங்கலாம்?

1974 மார்ச்சில் ஸ்ட்ராங் கோபயாஷியோடு ஆடியதிலிருந்து. அப்புறம் 1988 ஆகஸ்டில் சீடன் ஃபுஜினாமியோடு ஆடிய 60 நிமிட டிரா. நாற்பத்தைந்து வயது ஆளின் மூச்சைக் கவனியுங்கள். அதற்குப் பிறகு ஹோகன் மேட்சின் கடைசி ஐந்து நிமிடம், ஹோகன் முகத்துக்காக. ஜாரா மேட்ச் மங்கலான ஒளிப்பதிவாகக் கிடைக்கும், கடைசிக் காட்சி போதும். அலி மேட்சில் முதல் சுற்றும் ஆறாவது சுற்றும் பார்த்துவிட்டு எழுந்து போய் டீ குடியுங்கள். 15 சுற்றையும் முழுசாகப் பார்க்கிறவர்களுக்கு என் அனுதாபம். நான் இரண்டு தடவை பார்த்திருக்கிறேன்.